தூங்கும் கேமும் சேவ் ஆன கேமும்

எங்கள் வீட்டில் இரவு பத்தரைக்கு ஒரு சுற்று நடக்கும். அம்மா படுக்கப் போகும் முன் வாசல் தாழ்ப்பாளை இழுத்துப் பார்ப்பார், கேஸ் ரெகுலேட்டரைத் திருகி மூடுவார், பிறகு கூடத்துச் சுவிட்ச்சுகளை ஒவ்வொன்றாகத் தட்டிக்கொண்டே வருவார். டிவி, செட்டாப் பாக்ஸ், மொபைல் சார்ஜர். அன்றைக்கு டிவிக்குக் கீழே ஆரஞ்சு நிறத்தில் ஒரு பொட்டு வெளிச்சம் தெரிந்தது. அதன் சுவிட்ச்சையும் தட்டிவிட்டுப் படுத்துவிட்டார்.

மறுநாள் கன்சோலை, அதாவது டிவியில் கேம் ஆடும் அந்தப் பெட்டியைப் போட்டால், போன தடவை முறையாக அணைக்கப்படவில்லை என்று திரையில் ஒரு கண்டிப்பு. அடுத்து, ஸ்டோரேஜைச் சரிபார்க்கிறேன் என்று ஒரு கோடு ஆமை வேகத்தில் ஊர்ந்தது. அது முடிந்து கேமைத் திறந்தால், முந்தைய நாள் மாலை ஆறு மணிக்கு நின்ற இடத்தில் நிற்கிறேன். மூன்று மணி நேர ஆட்டம் போயே போய்விட்டது.

"கேம் சுவிட்ச்ச ஏம்மா அணைச்சே?"

"ஆஃப் பண்ணிட்டேன்னு நீதானேடா சொன்னே? டிவி இருட்டா இருந்துச்சு, லைட்டு மட்டும் எரிஞ்சுது. அணைச்சேன்."

அவர் பக்கம் தப்பே இல்லை. கன்ட்ரோலரில் பட்டனை அழுத்தி, மெனுவில் ஏதோ ஒன்றைத் தேர்ந்தெடுத்து, திரை கறுத்ததும் "ஆஃப் பண்ணிட்டேன்" என்று சொன்னது நான்தான். ஆனால் கன்சோல் ஆஃப் ஆகவில்லை, தூங்கத்தான் போயிருந்தது. கேமும் மூடப்படவில்லை. எல்லாவற்றையும்விட முக்கியமாக, நான் விளையாடியது சேவ் ஆகவில்லை.

பேச்சில் இவை அனைத்துக்கும் ஒரே சொல்லை வைத்திருக்கிறோம். கன்சோலுக்குள்ளோ இவை வேறு வேறு காரியங்கள். இன்றைய கன்சோல்களில் ஆட்டம் தொலைந்துபோகும் கதைகளில் பெரும்பாலானவை, நிறுத்தி வைத்ததைச் சேவ் ஆனதாக நினைத்துக்கொள்வதிலிருந்தே தொடங்குகின்றன.

மளிகைக்கடை அண்ணாச்சியை நினைத்துக்கொள்ளுங்கள். நாம் சொல்லச் சொல்ல அரிசி, பருப்பு, எண்ணெய் என்று மனதிலேயே கூட்டிக்கொண்டு போவார். கடைசியில்தான் பற்று நோட்டை எடுத்து எழுதுவார். கன்சோலின் மெமரி, அதாவது ரேம், அந்த மனக்கணக்கு. ஹார்ட் டிஸ்க்கோ எஸ்எஸ்டியோ பற்று நோட்டு. நாம் விளையாடும்போது நடப்பதெல்லாம் மனக்கணக்கில்தான் நடக்கிறது: எத்தனை உயிர் பாக்கி, பையில் என்ன இருக்கிறது, எந்தக் கதவு திறந்திருக்கிறது எல்லாமே. சேவ் என்பது அதிலிருந்து வேண்டிய வரிகளை மட்டும் நோட்டில் எழுதுவது. ஸ்லீப் மோட், ரெஸ்ட் மோட் என்று பல பெயரில் வழங்கும் அந்தத் தூக்கம், அண்ணாச்சி கல்லாவிலேயே கண்ணயர்வது போல. தோளைத் தட்டினால் விட்ட இடத்திலிருந்து கூட்டுவார். மின்சாரத்தைப் பிடுங்கினால் நோட்டில் இருப்பது மட்டுமே மிஞ்சும்.

இந்த நோட்டு ஒரு காலத்தில் இல்லவே இல்லை. 90களில் நம் ஊர்க் கடைகளில் விற்ற டிவி கேம்கள், பெரும்பாலும் நிண்டெண்டோவின் ஃபேமிகாமைப் பார்த்துச் செய்த நகல்கள். 9999 கேம்கள் என்று மேலே அச்சடித்த கேசட்டைச் செருகி, கான்ட்ராவோ மாரியோவோ ஆடிவிட்டு, அம்மா கூப்பிட்டதும் சுவிட்ச்சை அணைத்துவிட்டு ஓடினோம். எதுவும் தொலையவில்லை, ஏனென்றால் வைத்துக்கொள்ள எதுவும் இல்லை. மறுநாள் முதல் லெவலிலிருந்துதான். (அப்படியே கேசட்டைப் பிடுங்கியதும் உண்டு. அந்தப் பெட்டிகள் எப்படித் தாக்குப்பிடித்தன என்பது இன்றும் எனக்கு வியப்பு.)

ஒரே மூச்சில் முடிக்க முடியாத பெரிய கதை கேம்கள் வந்ததும் சிக்கல் வந்தது. முதலில் ஆட்டத்தைக் காப்பாற்றும் பொறுப்பை ஆடுபவரின் தலையிலேயே கட்டினார்கள். 1987இல் ஜப்பானில் வந்த டிராகன் குவெஸ்ட் 2, நிறுத்தும்போது 52 எழுத்து வரை நீளும் ஒரு கடவுச்சொல்லைத் திரையில் காட்டும். அதைத் தாளில் எழுதிக்கொண்டு, மறுநாள் எழுத்துப் பிசகாமல் அடிக்க வேண்டும். ஓர் எழுத்து மாறினாலும் போச்சு. நோட்டு என்பது அப்போது நிஜமாகவே நோட்டுதான்.

அதே 1987இல் அமெரிக்காவில் தங்க நிறக் கேசட்டில் வெளியான தி லெஜண்ட் ஆஃப் செல்டா வேறு வழி காட்டியது. கேசட்டுக்குள் 8 கிலோபைட் மெமரி, அதற்கு உயிர் கொடுக்க ஒரு பட்டன் பேட்டரி. கன்சோலை அணைத்தாலும் அந்த மெமரிக்கு மட்டும் பேட்டரி மின்சாரம் தந்துகொண்டே இருக்கும். கூடவே ஒரு நிபந்தனையும் வந்தது: ரீசெட் பட்டனை அழுத்திப் பிடித்துக்கொண்டே பவரை அணையுங்கள்.

பலரும் இதை ஒரு மூடநம்பிக்கை மாதிரி நினைத்தார்கள். காரணம் நிஜமானது. பவரை அணைத்தவுடன் 5 வோல்ட் ஒரே அடியில் பூஜ்யமாகிவிடாது, சரிந்துகொண்டே இறங்கும். அந்தச் சரிவின் நடுவில் பிராசசருக்கு முழு உணர்வும் இல்லை, முழு மயக்கமும் இல்லை. கட்டளைகளைத் தாறுமாறாகப் படிக்கும், எங்கெங்கோ எழுதும். அது எழுதும் இடம் சாதாரண ரேம் என்றால் கவலை இல்லை, எப்படியும் அழியப்போவதுதான். பேட்டரி மெமரியில் எழுதிவிட்டால் சேவ் குப்பையாகிவிடும். ரீசெட்டைப் பிடித்துக்கொண்டால் பிராசசர் கையைக் கட்டிக்கொண்டு நிற்கும், எதையும் எழுதாது. அந்த நிலையிலேயே மின்சாரம் வடிந்துவிடும். கன்சோலின் முகப்பில் பவரும் ரீசெட்டும் பக்கத்துப் பக்கத்திலேயே இருந்ததால் ஒரு கையிலேயே இந்த வித்தையைச் செய்ய முடிந்தது. அடுத்து வந்த சூப்பர் நிண்டெண்டோ காலத்தில் கேசட்டிலேயே காவலுக்கு ஒரு சர்க்யூட் வந்துவிட, விரல் வித்தை ஓய்ந்தது.

கேமை முறையாக மூடுவது பற்றிய அறிவுரைகளில் இதுவே ஆகப் பழையதாக இருக்கலாம். இன்றுவரை உள்ள எல்லா எச்சரிக்கைகளின் சாரமும் அதில் உண்டு. மின்சாரம் போவதால் மட்டும் சேவ் கெடுவதில்லை. எழுதிக்கொண்டிருக்கும்போது மின்சாரம் போவதுதான் கெடுதல்.

1994 டிசம்பரில் ஜப்பானில் வந்த சோனியின் பிளேஸ்டேஷனோடு மெமரி கார்டு வந்தது. 128 கிலோபைட், 16 கட்டங்கள், அதில் ஒன்று பொருளடக்கத்துக்குப் போக நமக்குக் கிடைத்தது 15. சேவ் ஆகும்போது கார்டை எடுக்காதே என்று ஒவ்வொரு கேமும் திரையில் கத்தியது இந்தப் பொருளடக்கத்துக்காகவும்தான். பாதியில் பிடுங்கினால் எழுதிக்கொண்டிருந்த சேவ் மட்டும் பாதிக்கப்பட்டால் பரவாயில்லை. பொருளடக்கம் பாதிக்கப்பட்டால் மற்ற கேம்களின் சேவ்களும் கண்ணுக்குத் தெரியாமல் போகும்.

இந்த எச்சரிக்கையை வேடிக்கையாக்கியதில் நிண்டெண்டோவை அடிக்க ஆளில்லை. அனிமல் கிராசிங் கேமில் சேவ் செய்யாமல் அணைத்துவிட்டு மறுபடி வந்தால், மண்ணைப் பிளந்துகொண்டு மிஸ்டர் ரிசெட்டி என்ற ஓர் அகழெலி வெளியே வரும். ஏன் அப்படிச் செய்தாய் என்று திட்டும். திரும்பத் திரும்பச் செய்தால் திட்டு நீண்டுகொண்டே போகும், மன்னிப்பைத் தட்டச்சு செய்யச் சொல்லும், ஒரு கட்டத்தில் உன் ஆட்டத்தையே அழித்துவிட்டேன் என்பது போலத் திரையைக் கறுப்பாக்கி மிரட்டும். 2020இல் வந்த அனிமல் கிராசிங் நியூ ஹொரைசன்ஸில் கேம் தானாகவே சேவ் செய்துகொள்வதால் பாவம், ரிசெட்டிக்கு வேலை போய்விட்டது. வழி தெரியாமல் மாட்டிக்கொண்டவர்களை மீட்கும் சேவையில் சேர்ந்துகொண்டார்.

முறைகேடாக அணைப்பதையே பிழைப்பாக்கியவர்களும் உண்டு. வீட்டு கன்சோல் அல்ல, கைக்கருவி; ஆனாலும் சொல்லாமல் விட மனமில்லை. 1999இல் ஜப்பானில் வெளியான போக்கிமான் கோல்டு, சில்வர் கேம்களில் ஒரு போக்கிமானைப் பெட்டியில் போட்டுவிட்டு, பெட்டியை மாற்றும்போது நடக்கும் சேவின் நடுவே சரியான கணத்தில் பவரை அணைத்தால் அந்தப் போக்கிமான் இரண்டாகிவிடும். பெட்டியில் ஒன்று, கையில் ஒன்று. பெட்டியின் கணக்கை எழுதி முடித்து, கையிருப்புக் கணக்கை எழுதும் முன் மின்சாரம் போனால் வேறென்ன ஆகும்? அண்ணாச்சி வரவை எழுதிவிட்டுச் செலவை எழுதும் முன் எழுந்து போன மாதிரி. அடுத்த தலைமுறைப் போக்கிமான் கேம்களில் இரண்டு சேவ் இடங்களை மாற்றி மாற்றி எழுதும் முறை வந்தது. புதியது பாதியில் கெட்டாலும் பழையது அப்படியே இருக்கும்.

இன்றைய கேம்களும் ஏறக்குறைய இதைத்தான் செய்கின்றன. பழைய சேவின் மேல் நேரடியாக எழுதுவதில்லை. புதிதாக ஒரு ஃபைலை எழுதி முடித்து, சரியாக இருக்கிறதா என்று பார்த்துவிட்டு, கடைசியில்தான் பெயரை மாற்றி அதைப் பழையதன் இடத்தில் உட்காரவைப்பது. நடுவில் கரண்ட் போனால் புதியது வீண், பழையது பிழைக்கும். இந்த ஒழுங்கைக் கடைப்பிடிக்கும் கேமில் திடீர் மின்வெட்டு சில நிமிட ஆட்டத்தைத்தான் தின்னும். கடைப்பிடிக்காத கேமில் மொத்த சேவும் போகலாம். வெளியிலிருந்து பார்த்தால் எது எந்த வகை என்று நமக்குத் தெரியாது. அதனால்தான் திரையின் மூலையில் சுழலும் அந்தச் சின்ன அடையாளத்துக்கு மரியாதை கொடுப்பது நல்லது. கேமைத் தொடங்கும்போதே "இந்தக் குறி தெரியும்போது அணைக்காதீர்கள்" என்று ஒவ்வொன்றும் சொல்வதைப் படிக்காமல் பட்டனைத் தட்டித் தள்ளுகிறோம். கன்சோல் நிறுவனங்கள் ஒவ்வொரு கேமையும் வெளியிட அனுமதிக்கும் முன் ஒரு பட்டியலை வைத்துச் சோதிக்கின்றன. சேவ் பற்றிய எச்சரிக்கைகளும் அந்தச் சோதனையில் அடக்கம்.

இனி என் அம்மாவின் சுவிட்ச்சுக்கு வருகிறேன்.

2013 பிப்ரவரியில் பிளேஸ்டேஷன் 4ஐ அறிவித்தபோது சோனி ஒரு வசதியைப் பெருமையாகச் சொன்னது. ஆட்டத்தின் நடுவில் பட்டனை அழுத்தித் தூங்கவைக்கலாம், எழுப்பினால் அதே இடத்தில், அதே கணத்தில் தொடரலாம். சொன்னதே தவிர, கன்சோல் அந்த நவம்பரில் வந்தபோது இந்த வசதி இல்லை. 2015 மார்ச்சில் 2.50 என்ற மென்பொருள் பதிப்பில்தான் வந்து சேர்ந்தது. கேமை அப்படியே ரேமில் விட்டுவிட்டு, ரேமுக்கு மட்டும் கொஞ்சம் மின்சாரம் கொடுத்து, மற்றதையெல்லாம் அணைப்பதுதான் இதன் வழி. ஆரஞ்சு விளக்கின் பொருளும் இதுதான். பிளேஸ்டேஷன் 5இன் ரெஸ்ட் மோடிலும் கேம் ரேமில்தான் காத்திருக்கிறது.

இதற்குப் பின்னால் யாரும் சொல்லாத ஒரு நம்பிக்கை இருக்கிறது: சுவரில் செருகிய பிளக்கில் எப்போதும் மின்சாரம் இருக்கும் என்பது. ஜப்பானிலும் அமெரிக்காவிலும் சாதாரணமாக வீட்டுச் சுவரில் உள்ள சாக்கெட்டுகளுக்குச் சுவிட்ச் கிடையாது. பிளக்கைச் செருகினால் செருகியதுதான். பிரிட்டிஷ் வழக்கத்தில் வளர்ந்த நம் வீடுகளில் ஒவ்வொரு சாக்கெட்டுக்கும் பக்கத்தில் ஒரு சுவிட்ச் காத்திருக்கிறது. அதை இரவில் அணைப்பது பொறுப்பான குடும்பத்துக்கு அடையாளமாகவும் ஆகிவிட்டது. சுவிட்ச் இல்லாத சுவர்கள் உள்ள நாடுகளில் பிறந்த தூக்கம், சுவிட்ச் உள்ள சுவரில் வந்து மாட்டிக்கொண்டது.

எல்லாக் கன்சோலும் இதில் ஒரே மாதிரி அடிபடுவதில்லை.

2020 நவம்பரில் வந்த மைக்ரோசாஃப்டின் எக்ஸ்பாக்ஸ் சீரிஸ் எக்ஸ், சீரிஸ் எஸ் இரண்டிலும் குவிக் ரெஸ்யூம் என்ற ஏற்பாடு உண்டு. நீங்கள் ஒரு கேமை விட்டு வேறொன்றுக்குப் போனால், முதல் கேம் ரேமில் எப்படி இருந்ததோ அந்த மொத்தப் பிம்பத்தையும் எஸ்எஸ்டியில் எழுதிவைக்கும். நோட்டில் எழுதுவதையும் தாண்டி, அண்ணாச்சியின் மூளையையே ஜெராக்ஸ் எடுத்து வைப்பது போன்ற காரியம். எஸ்எஸ்டிக்கு மின்சாரம் தேவையில்லை என்பதால் பிளக்கைப் பிடுங்கி மறுபடி செருகினாலும் கேம் விட்ட இடத்தில் எழுந்துகொள்ளும். எங்கள் வீட்டில் இருந்தது எக்ஸ்பாக்ஸ் என்றால் அன்றைக்கு சண்டையே வந்திருக்காது.

ஆனால் இதையும் சேவ் என்று நம்பக் கூடாது. அந்தக் கேமுக்கு அப்டேட் வந்துவிட்டால் பழைய பிம்பம் புதிய கேமோடு ஒட்டாது, கேம் முதலிலிருந்து திறக்கும். ஒரு சில கேம்களை மாற்றி மாற்றி ஆடும்போது பழையதன் பிம்பம் இடமில்லாமல் தள்ளப்படும். மூன்று வாரமாக "அப்படியே விட்டிருந்த" ஒரு கேமை ஆசையாகத் திறந்து, தலைப்புத் திரை வரக் கண்டு திகைத்தவர்கள் நிறைய.

நிண்டெண்டோ ஸ்விட்ச்சின் கதை வேறு. (சுவரில் இருக்கும் சுவிட்ச்சோடு குழப்பிக்கொள்ள வேண்டாம், இந்தக் கட்டுரை முழுக்க எனக்கு அந்தத் தொல்லைதான்.) 2017 மார்ச்சில் வந்த இதற்குள்ளேயே 4310 மில்லி ஆம்பியர்-மணி பேட்டரி இருக்கிறது. டிவியோடு இணைக்கும் டாக் என்ற தாங்கியில் வைத்து ஆடினாலும் அது உள்ளூர ஒரு கைக்கருவிதான். டாக்குக்குப் போகும் மின்சாரத்தை அணைத்தால் பேட்டரிக்கு மாறிக்கொண்டு தூங்கிக்கொண்டே இருக்கும். நாள்கணக்கில் மறந்துவிட்டால் மட்டுமே ஆபத்து.

ஆக, இரவு பத்தரைச் சுற்றில் தட்டப்படும் ஒரே சுவிட்ச், ஒரு கன்சோலில் கேமைக் கொல்கிறது, இன்னொன்றில் ஒன்றும் செய்வதில்லை, மூன்றாவதற்கு அது நடந்ததே தெரியாது.

கேம் தயாரிப்பாளர்களே இதில் சறுக்கிய ஒரு பெரிய உதாரணம் 2022 பிப்ரவரியில் வந்தது. எல்டன் ரிங் வெளியான கையோடு அதன் வெளியீட்டாளரான பண்டாய் நாம்கோ ஓர் அறிவிப்பு விட்டது. பிளேஸ்டேஷன் 5இல் கேமோ கன்சோலோ எதிர்பாராமல் அணைந்தால் ஆட்டம் சரியாக சேவ் ஆகாத பிரச்சினை இருக்கிறது, திருத்தம் வரும்வரை கேமுக்குள் உள்ள மெனு வழியாக முறையாக வெளியேறி சேவ் செய்துகொள்ளுங்கள் என்பது அதன் சாரம். ஒவ்வோர் அடிக்கும் தானாக சேவ் ஆகும் என்று ஆடுபவர்கள் கண்ணை மூடி நம்பும் வகைக் கேம் அது. செத்தால்கூட அதுவும் சேவ் ஆகிவிடும் என்பதுதான் அந்த வகைக் கேம்களின் கொடுமையும் ருசியும். அப்படிப்பட்ட கேமை ரெஸ்ட் மோடில் போட்டுவிட்டு, நடுவில் மின்சாரம் போனால் மணிக்கணக்கில் பின்னுக்குப் போக நேர்ந்தது. பிறகு வந்த திருத்தத்தில் சரிசெய்தார்கள். இருந்தாலும் "தலைப்புத் திரைக்குப் போய்விட்டு மூடு" என்ற பழைய பாட்டி வைத்தியம் பலருக்கும் மறுபடி பழக்கமானது அப்போதுதான்.

பாட்டி வைத்தியம் என்று சொன்னாலும் அதில் விஷயம் உண்டு. கேமை மூட இரண்டு வாசல்கள் இருக்கின்றன. ஒன்று கேமின் சொந்த மெனு: சேவ் செய்து வெளியேறு, அல்லது தலைப்புத் திரைக்குத் திரும்பு. இன்னொன்று கன்சோலின் மெனு. பிளேஸ்டேஷனில் முகப்புத் திரைக்கு வந்து, கேமின் மேல் நின்று ஆப்ஷன்ஸ் பட்டனை அழுத்தினால் கேமை மூடும் வழி கிடைக்கும். எக்ஸ்பாக்ஸில் நடுப் பட்டனை அழுத்திக் கேமின் மேல் நின்று, மூன்று கோடு போட்ட மெனு பட்டனை அழுத்தினால் குவிட் என்று வரும். ஸ்விட்ச்சில் ஹோம் பட்டன், அதன் பிறகு எக்ஸ்.

இந்த இரண்டாவது வாசல் கேமிடம் "கிளம்பட்டுமா" என்று கேட்பதில்லை. கதவைத் திறந்து வெளியே தள்ளுகிறது. கடைசி சேவுக்குப் பிறகு நடந்தது எல்லாம் அதோடு போச்சு. பலர் இதைக் கம்ப்யூட்டரில் எக்ஸெல் மூடுவது போல, சேவ் செய்யவா என்று கேட்டுவிட்டுத்தான் மூடும் என்று நினைத்துக்கொள்கிறார்கள். கேமின் மெனு வழியாகத் தலைப்புத் திரைக்குப் போவது இதனால்தான் பாதுகாப்பு. வெளியேறும் முன் பல கேம்கள் எழுத வேண்டியதை எழுதி முடித்துவிடும், மற்றவை பெரும்பாலும் சேவ் ஆகாதது போய்விடும் என்று எச்சரிக்கும். தலைப்புத் திரையில் நிற்கும் கேமுக்கு இழக்க எதுவும் இல்லை, அங்கிருந்து எப்படி மூடினாலும் சரி.

எழுந்து காபி போடப் போகும்போதெல்லாம் கேமை மூட வேண்டுமா என்றால், வேண்டாம். போனில் ஆப்களை மேலே தள்ளித் தள்ளி மூடும் பழக்கத்தைக் கன்சோலுக்குக் கொண்டுவருகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். அவசியமே இல்லை. பிளேஸ்டேஷன் 5 ஒரு நேரத்தில் ஒரு கேமைத்தான் வைத்திருக்கும். இன்னொன்றைத் திறந்தால் பழையதை மூடவா என்று அதுவே கேட்கும். ஸ்விட்ச்சும் அப்படியே.

உண்மையாகவே மூட வேண்டிய நேரங்கள் சில உண்டு. ஆன்லைன் கேம் என்றால் தூங்கவைப்பதில் பொருளில்லை. அங்கே சர்வர் உங்களுக்காகக் காத்திருக்காது, எழுப்பியதும் தொடர்பு அறுந்தது என்றுதான் சொல்லும். எக்ஸ்பாக்ஸில் குவிக் ரெஸ்யூமால் எழுந்த ஆன்லைன் கேம் விழித்துக்கொண்டு திருதிருவென முழிப்பது அடிக்கடி நடக்கிறது. மூடித் திறந்தால் சரியாகிவிடும். ஒரே கணக்கை இரண்டு கன்சோலில் பயன்படுத்துகிறவர்கள் ஒன்றில் கேமைத் திறந்தபடி விட்டுவிட்டு இன்னொன்றில் ஆடினால், கிளவுடில், அதாவது இணையத்தில் வைத்திருக்கும் நகலில், எந்த சேவ் சரி என்ற பஞ்சாயத்து வரும். அங்கே அவசரத்தில் தவறான பக்கத்தைத் தேர்ந்தெடுத்தால் மீட்பது சிரமம்.

நாள்கணக்கில் தூங்கி எழுந்துகொண்டே இருக்கும் கேம் தடுமாறத் தொடங்குவதும் உண்டு. திறந்தபடியே இருக்கும் நிரல், எடுத்த மெமரியை முழுதாகத் திருப்பித் தராமல் கொஞ்சம் கொஞ்சமாகச் சேர்த்துக்கொள்ளும். 2011இல் வந்த ஸ்கைரிம், பிளேஸ்டேஷன் 3இல் ஆடஆட ஜவ்வாக இழுத்தது பேர்போன கதை. அந்தக் கன்சோலின் மெமரியே 256 மெகாபைட்டாக இரண்டு துண்டு. கேமை மூடித் திறந்தால் கொஞ்ச நேரத்துக்கு மூச்சு வரும்.

அதே ஸ்டுடியோ முதல் எக்ஸ்பாக்ஸில் இந்தச் சிக்கலைச் சமாளித்த விதம் எனக்கு மிகவும் பிடித்தது. 2002இல் வந்த மாரோவிண்டுக்கு அங்கே கிடைத்தது மொத்தம் 64 மெகாபைட். மெமரி தீர்ந்துபோகும் நிலை வந்தால், ஏற்றுதல் திரையைக் காட்டிக்கொண்டே பின்னணியில் கன்சோலையே ரீபூட் செய்துவிடுவார்கள். ஆடுபவருக்குக் கொஞ்சம் நீளமான காத்திருப்பாக மட்டுமே தெரியும். இதைப் பல ஆண்டுகள் கழித்து அதன் இயக்குநர் டாட் ஹவர்டே சிரித்துக்கொண்டே ஒப்புக்கொண்டார். கேமை மூடித் திறக்க வேண்டிய வேலையை ஆடுபவருக்குத் தெரியாமல் கேமே செய்துகொண்டிருந்திருக்கிறது.

மின்வெட்டு நம் பக்கத்துச் சங்கதி. இன்வெர்ட்டர் இருக்கிறதே, கன்சோலுக்கு என்ன பயம் என்று பலர் நினைக்கிறார்கள். மின்சாரம் போய் இன்வெர்ட்டர் பிடிக்கும் இடைவெளியில்தான் விஷயம் இருக்கிறது. நம் மின்சாரம் நொடிக்கு 50 சுழற்சி, அதாவது ஒரு சுழற்சிக்கு 20 மில்லிநொடி. கன்சோலின் பவர் சப்ளைக்குள் மின்சாரத்தைக் கொஞ்சம் தேக்கிவைக்கும் கெபாசிட்டர்கள் ஏறக்குறைய அந்த ஒரு சுழற்சி அளவுக்குத்தான் தம் கட்டும். மின்விசிறியும் டியூப்லைட்டும் இதைவிட நீண்ட இடைவெளியையும் பொருட்படுத்தாது, அதனால் வீட்டில் யாருக்கும் கரண்ட் போனதே தெரியாது. கன்சோல் மட்டும் செத்து எழும். பல இன்வெர்ட்டர்களின் பின்புறம் யுபிஎஸ், எகோ என்று இரு பக்கம் தள்ளும் ஒரு சின்ன விசை இருக்கும். யுபிஎஸ் பக்கம் வைத்தால் மாற்றம் வேகமாக நடக்கும். எங்கள் வீட்டில் அது வாங்கிய நாளிலிருந்து எகோவிலேயே இருந்தது. இன்வெர்ட்டர் இல்லாத வீட்டில் கம்ப்யூட்டருக்கு வைக்கும் சின்ன யுபிஎஸ் பெட்டி ஒன்று, கேமை சேவ் செய்து அணைக்கும் அளவு நேரத்தைத் தாராளமாகத் தரும். அதற்கு மேல் அதில் ஆடிக்கொண்டிருக்க நினைப்பது பேராசை.

அணைப்பதிலும் கடைசிப் படி ஒன்றைப் பலர் தாண்டிவிடுகிறார்கள். பவர் மெனுவில் டர்ன் ஆஃப் கொடுத்ததும் திரை கறுத்துவிடும், வேலை முடிந்திருக்காது. கன்சோல் திறந்துகிடக்கும் ஃபைல்களை மூடி, எழுத வேண்டியதை எழுதி முடித்த பிறகே விளக்கு முழுதாக அணையும். அதற்குள் சுவரில் தட்டினால் முறையாக அணைத்த பலனே இல்லை. பழைய பிளேஸ்டேஷன் 4 போலச் சுழலும் ஹார்ட் டிஸ்க் உள்ளவற்றில் இது இன்னும் முக்கியம். எக்ஸ்பாக்ஸ் எதற்கும் அசையாமல் உறைந்துவிட்டால், பிளக்கைப் பிடுங்குவதற்குப் பதில் முகப்புப் பட்டனைப் பத்து நொடி அழுத்திப் பிடிப்பது மேல்.

அம்மாவின் பக்கத்து வாதத்தையும் சொல்லிவிட வேண்டும், ஏனென்றால் அது எடுபட்டுவிட்டது. 2023 ஜனவரியில் மைக்ரோசாஃப்ட் சொன்ன கணக்குப்படி எக்ஸ்பாக்ஸ் ஸ்லீப்பில் 10 முதல் 15 வாட் வரை எடுக்கும், ஷட்டவுனில் 0.5 வாட்தான். நாளில் 20 மணி நேரம் தூங்கும் கன்சோல் 15 வாட் எடுத்தால் இரண்டு மாதத்தில் 18 யூனிட். ஷட்டவுன் என்றால் அரை யூனிட்டைக் கொஞ்சம் தாண்டும். தமிழ்நாட்டில் 2016 முதல் வீடுகளுக்கு இரண்டு மாதத்துக்கு 100 யூனிட் இலவசம் என்பதை வைத்துப் பார்த்தால், அந்தச் சலுகையில் ஆறில் ஒரு பங்குக்கு மேல் ஒரு பெட்டியின் தூக்கத்துக்கே போகும். எங்கள் வீட்டில் இருப்பது எக்ஸ்பாக்ஸ் இல்லை, கணக்கும் இதே அளவு வராது என்று சொல்லிப் பார்த்தேன். "எரியுதுல்ல?" என்று கேட்டார். பதில் இல்லை.

ஒரு வாரம் அந்தச் சுவிட்ச்சின் மேல் பிளாஸ்டர் ஒட்டிவைத்தேன். அம்மா வீடு துடைக்கும்போது அதை அழுக்கென்று நினைத்து உரித்துவிட்டார். இப்போது இரவு பத்தரைக்குக் கேமின் மெனுவுக்குப் போய் சேவ் செய்து, தலைப்புத் திரைக்கு வந்து, கேமை மூடி, டர்ன் ஆஃப் கொடுக்கிறேன். அம்மா சுவிட்ச்சின் மேல் விரலை வைத்துக்கொண்டு, குனிந்து அந்தப் பொட்டு விளக்கையே பார்த்துக்கொண்டு நிற்கிறார்.

"இன்னும் மினுக்குதுடா."

"இரும்மா, எழுதி முடிக்கட்டும்."